கறவை மாட்டுக் கடன்

பரமலிங்கம் ஒருவரையும் நம்பியதில்லை. அதை ஒரு குறையாக அவர் நினைத்ததுமில்லை. நம்புகிறது சோம்பேறிகளின் வேலை, பார்க்கிறதுதான் மனிசனின் வேலை என்பது அவரது கட்சி. கரவெட்டியில் கூட்டுறவுச் சங்கத்தின் கிராமிய வங்கி அவருக்குச் சம்பளம் கொடுத்ததும் இந்தக் குணத்துக்காகத்தான். கடன் கேட்டு எழுதிப் போடுகிறவர்களின் வீட்டுக்குச் சைக்கிளில் போய், ஆள் எப்படி, சீவியம் எப்படி, கொடுத்த காசு திரும்பி வருமா என்று பார்த்து ஒரு தாளில் எழுதிக் கொடுக்க வேண்டும். மேசையில் 'கடன் பரிசோதகர்' என்று ஒரு பலகை வைத்திருந்தார்கள். படித்தது ஏழாம் வகுப்பு. அதற்குப் பிறகு இருபது வருடம் ஒரு புகையிலை வியாபாரியிடம் நின்றவர். சிப்பத்தை மூக்குக்குக் கிட்டப் பிடித்தே, நிறை கூட்டத் தண்ணீர் தெளித்திருக்கிறானா இல்லையா என்று சொல்லிவிடுவார். புகையிலைக்குச் சரிவந்த மூக்கு மனிசருக்கும் சரிவரும் என்று சங்கத்துப் பழைய தலைவர் நினைத்தார். அந்த மனிசன் நினைத்ததில் பெரிய பிழையில்லை.

வருகிறேன் என்று சொல்லிவிட்டு ஒரு வீட்டுக்கும் போகமாட்டார். போனாலும் நேரே படலையைத் திறக்கமாட்டார். சைக்கிளை விட்டு இறங்கி முதலில் வேலியைப் பார்ப்பார். வேலி அடைக்காதவன் கடனும் அடைக்கமாட்டான். பிறகு எருக்கும்பியைப் பார்ப்பார். பிறகு கிணற்றுக் கயிறு. கயிறு முடிச்சு முடிச்சாய் இருந்தால் வீட்டில் காசு இல்லை, ஆனால் ஆள் சிக்கனம். புதுக்கயிறும் பொத்தல் வாளியும் என்றால் ஆள் பகட்டு. அயலட்டையில் விசாரிக்கவே மாட்டார். அயலவன் வாயில் உண்மை வருகிறது எரிச்சலில் மட்டும்தான், அதுவும் பாதி. வீட்டுக்காரர் பால்தேத்தண்ணி கொண்டு வந்தால் குடித்துவிட்டு, மனதுக்குள் ஒரு புள்ளியைக் குறைத்துவிடுவார். எனக்குப் பால்தேத்தண்ணி தருகிறவன் என்னத்தையோ மறைக்கிறான்.

எண்பத்தைந்தாம் ஆண்டு ஊரில் எல்லோருக்கும் திடீரென்று மாடு வளர்க்க ஆசை வந்தது.

காரணம் எல்லோருக்கும் தெரியும். பெடியன்கள் வளர்ந்து நின்றார்கள். ஆமி பிடிக்கும், அல்லது இயக்கம் கூப்பிடும். இரண்டுக்கும் முந்தி ஜெர்மனிக்கோ பிரான்சுக்கோ அனுப்ப வேண்டும். ஆளனுப்புகிற ஏஜென்சிக்காரன் நாற்பதாயிரம், ஐம்பதாயிரம் என்று கேட்டான். காணியை ஈடு வைத்து, நகையை விற்று, மாமன் மச்சானிடம் கைநீட்டி, கடைசியில் ஏழோ எட்டோ ஆயிரம் குறையும். சங்கத்து வங்கியில் மாட்டுக்குக் கடன் உண்டு, ஆட்டுக்கு உண்டு, இறைப்பு மெசினுக்கு உண்டு. பெற்ற பிள்ளையைக் காப்பாற்றக் கடன் என்று எழுத விண்ணப்பத்தில் இடமில்லை. ஆகவே எல்லோரும் கறவை மாடு என்று எழுதினார்கள்.

பாதிக் கடன் முதலில் கொடுக்கப்படும். மாடு வந்து கட்டையில் நிற்கிறதைப் பரிசோதகர் கண்டு எழுதினால் மற்றப் பாதி. இந்த முறையை எழுதின புத்திசாலிக்கு ஆழ்வாப்பிள்ளையைத் தெரியாது. ஆழ்வாப்பிள்ளையிடம் நல்ல செவலை மாடு ஒன்று இருந்தது, யேர்சிக் கலப்பு, இடது காது கிழிந்தது. அதை நாளுக்கு இருபத்தைந்து ரூபா வாடகைக்கு விட்டார். கன்றுக்குப் பத்து ரூபா வேறு.

முதல் மூன்று வீட்டில் பரமலிங்கம் ஏமாந்துபோனார். அவர் வேலியையும் எருவையும் பார்த்தாரே தவிர மாட்டின் முகத்தைப் பார்க்கவில்லை. நாலாவது வீடு பாலேஸ்வரி என்ற பெண்ணின் வீடு. அங்கேதான் கிழிந்த காது கண்ணில் பட்டது.

"இது எப்ப வாங்கினது?"

"மூண்டு கிழமையாச்சு அண்ணை."

"பேர் வைச்சாச்சோ?"

"லச்சுமி."

"கூப்பிடும் பாப்பம்."

பாலேஸ்வரி கூப்பிட்டாள். மாடு வைக்கலை மென்றுகொண்டு வேறெங்கோ பார்த்தது.

"ஆழ்வாப்பிள்ளை எண்டு கூப்பிட்டுப் பாரும், திரும்பும்" என்றார் பரமலிங்கம்.

அதோடு நிற்கவில்லை. செம்பை எடுத்துக் கறந்து காட்டச் சொன்னார். பழகாத கைக்கு மாடு பால் இறக்காது, அடக்கிக்கொண்டு நிற்கும். பாலேஸ்வரி இழுத்தாள், மாடு உதைத்தது, செம்பு உருண்டது. பரமலிங்கம் சைக்கிளில் ஏறினார். அன்று தொடக்கம் மாட்டுக்கடன் கேட்ட ஒவ்வொரு வீட்டிலும் கறந்து காட்டச் சொன்னார். ஏழு பேர் அகப்பட்டார்கள். ஊர் அவருக்கு 'செம்புப் பரமலிங்கம்' என்று பட்டம் வைத்தது. அவருக்கு அது மனவருத்தமாக இருக்கவில்லை. யாழ்ப்பாணத்துத் தலைமைக் கந்தோருக்கு இதைப்பற்றி நாலு பக்கத்தில் எழுதி அனுப்பினார். இரண்டு மாதம் கழித்துச் சுற்றறிக்கை ஒன்று வந்தது: இனி எல்லாச் சங்கங்களிலும் மாட்டுக்கடனின் இரண்டாம் பாதிக்கு முன் விண்ணப்பதாரி தன் கையால் கறந்து காட்ட வேண்டும், தலைமைக் கந்தோர் அதிகாரி ஒருவரும் இடைக்கிடை வந்து நேரில் பார்ப்பார். அந்தச் சுற்றறிக்கையைப் பரமலிங்கம் மேசை லாச்சியில் வைத்து அடிக்கடி எடுத்துப் பார்ப்பார். தன் வாழ்க்கையில் தான் சொல்லி அச்சில் வந்த ஒரே விசயம் அது.

எண்பத்தாறு முடிகிற நேரம் வங்கி மனேச்சர் அருட்பிரகாசம் அவரைக் கூப்பிட்டார். அருட்பிரகாசம் பட்டம் படித்த ஆள், முப்பது வயது இருக்கும், கடதாசியை மட்டும் நம்புகிறவர். பேரேட்டை விரித்துவைத்துச் சிரித்தார்.

"அண்ணை, ஒரு புதினம் பாருங்கோ. உங்கடை கள்ளரெல்லாம் கட்டி முடிச்சுப்போட்டாங்கள். உங்கடை நல்லவங்கள்தான் நிலுவை."

"ஆர் கள்ளர்?"

"முதல் உங்களைப் பேய்க்காட்டின மூண்டு பேர். வாடகை மாடு. மூண்டு பேரின்ரை பெடியளும் ஜெர்மனி. எட்டு மாதத்திலை வட்டியோடை வந்திட்டுது. நீங்கள் கறந்து பாத்து, இவன் நேர்மையானவன் எண்டு எழுதினது பதினாலு பேர். மாட்டுக்குக் காணை நோய் வந்தது, புண்ணாக்கு விலையேறினது, பால்சேர்க்கிற வான் வராமல் விட்டது. பதினாலிலை பதினொண்டு நிலுவை."

பரமலிங்கம் பேரேட்டைத் தன் பக்கம் திருப்பி ஒவ்வொரு பெயராக விரலை வைத்துப் பார்த்தார்.

"கட்டினாலும் கள்ளன் கள்ளன்தான்."

"வங்கிக்கு அப்பிடியில்லை அண்ணை. கட்டினவன், கட்டாதவன். வேறை சாதி இல்லை."

"அப்ப என்னை என்னத்துக்கு வைச்சிருக்கிறியள்?"

"அது நானும் யோசிக்கிறனான்" என்று அருட்பிரகாசம் பகிடியாகத்தான் சொன்னார். ஆனால் அந்தப் பகிடி பரமலிங்கத்தின் தொண்டையில் மீன்முள்ளாக நின்றது. வேலி பார்த்தது, எரு பார்த்தது, செம்பு பிடித்தது எல்லாம் தலைகீழாகக் கிடந்தன. பொய் சொன்னவன் கட்டினான். உண்மை சொன்னவன் முழுகினான்.

அடுத்த மாசி மாதம் சிவக்கொழுந்தின் விண்ணப்பம் வந்தது. கறவை மாடு, எட்டாயிரம்.

சிவக்கொழுந்தை அவருக்குத் தெரியும், ஊருக்கும் தெரியும். புருசன் லொறி விபத்தில் செத்து ஒன்பது வருடம். ஒரு பெடியன் மட்டும். நாலு பரப்புத் தோட்டத்தில் வெங்காயம் போட்டு, தன் கையாலேயே இறைத்து, ஒருவரிடமும் கடன் சொல்லாமல் காலத்தைக் கொண்டுபோகிற மனிசி. சங்கக்கடையில் மிச்சக்காசு ஐம்பது சதம் கூட வந்ததென்று ஒரு மைல் தூரம் நடந்து திருப்பிக் கொடுத்தாள் என்று கதை உண்டு. பரமலிங்கம் அந்தக் கதையையும் நம்பாமல் சங்கக்கடையில் போய் விசாரித்தவர். உண்மைதான்.

வழக்கம்போல் சொல்லாமல் போனார். வேலி ஒழுங்கு. எரு ஒழுங்கு. கிணற்றுக் கயிறு பழையது, ஒரு முடிச்சு. வளவின் பின்னால் யாரோ விறகு கொத்துகிற சத்தம் கேட்டது. மகனாக இருக்கும். அவனைக் கூப்பிட வேண்டுமென்று அவருக்குத் தோன்றவில்லை. சிவக்கொழுந்து செம்பில் பச்சைத் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். அது அவருக்குப் பிடித்தது.

"எந்த மாடு பாத்து வைச்சிருக்கிறீர், பிள்ளை?"

"மாடு ஒண்டும் பாக்கேல்லை அண்ணை."

"பிறகு?"

"பெடியனை அனுப்பப் போறன். காணி ஈட்டிலை போட்டுது. தோடு சங்கிலியும் போட்டுது. எட்டாயிரம் குறையுது. பங்குனி பத்துக்குள்ளை முழுக்காசும் கட்டினால்தான் கொண்டுபோவன் எண்டு ஏஜென்சிக்காரன் சொல்லிப்போட்டான். மாடு எண்டு எழுதச் சொல்லிச்சினம், எழுதினன். உங்கடை முகத்தைப் பாத்து மாடு எண்டு சொல்ல வாய் வரேல்லை."

பரமலிங்கத்துக்குக் கோபம் வந்தது. பொய் சொல்லியிருந்தால் அவருக்கு வேலை இருந்திருக்கும். பிடித்திருப்பார், அல்லது இந்த ஒருமுறை காணாத மாதிரி விட்டிருப்பார். உண்மையைத் தூக்கி மடியில் போட்டால் அதை வைத்து என்ன செய்கிறது?

"இதை ஏன் எனக்குச் சொன்னனீர்?"

"நீங்கள் கேட்டியள்."

"அவன் அங்கை போய்க் காசு அனுப்பாட்டில்?"

"நான் கட்டுவன்."

"என்னத்தைக் கொண்டு?"

"வெங்காயம் இருக்கு. கை இருக்கு."

அவர் அவளுடைய கையைப் பார்த்தார். கட்டுவாள். புகையிலைச் சிப்பத்தைப் போல மணந்து பார்க்கத் தேவையில்லை, அவ்வளவு நிச்சயம். பேரேட்டில் பார்த்த கணக்கும் நினைவுக்கு வந்தது. எந்தப் பக்கத்தால் பார்த்தாலும் அந்த வருடம் அவர் கண்ட கடன்காரரில் இவளைப்போல் ஒருத்தி இல்லை. நோக்கம் என்ற இடத்தில் கறவை மாடு என்று இருந்ததை அவர் தொடவில்லை. கீழே 'கொடுக்கலாம்' என்று எழுதிக் கையெழுத்து வைத்தார். எழும்பிப் போகிறபோது, படலையில் கையை வைத்துக்கொண்டு, அவளைப் பாராமல் சொன்னார்.

"அஞ்சாந் திகதி பாக்க வருவன். அண்டைக்கு ஒரு மாடு கட்டையிலை நிக்கட்டும்."

"ஆரின்ரை மாடு அண்ணை?"

"ஆரின்ரை எண்டாலும்."

வருகிற நாளைச் சொல்லிவிட்டு அவர் போன முதல் வீடு அது.

முதல் நாலாயிரம் ஒரு கிழமையில் கைக்கு வந்தது. சிவக்கொழுந்து அதை அப்படியே ஏஜென்சிக்காரனிடம் கொடுத்தாள். அஞ்சாந் திகதி காலையில் பரமலிங்கம் சைக்கிளுக்குக் காற்றடித்துக்கொண்டு நிற்கிறார், சங்கத்து வாசலில் ஒரு கார் வந்து நின்றது. தலைமைக் கந்தோர் அதிகாரி நமசிவாயம் இறங்கினார். நீளக் காற்சட்டை, மினுக்கின சப்பாத்து, கையில் அந்தச் சுற்றறிக்கை.

"நீர்தானே செம்புப் பரமலிங்கம்? உம்முடைய கண்டுபிடிப்பை நேரிலை பாக்க வந்தனான். இண்டைக்கு எங்கை கறவை?"

அருட்பிரகாசம் பரமலிங்கத்தைப் பார்த்தார். பரமலிங்கம் வேறு வீட்டின் பெயரைச் சொல்லியிருக்கலாம். ஆனால் அன்றைக்கு வேறு வீடு இருக்கவில்லை, அதிகாரி பதிவுக் கொப்பியையும் வாங்கிப் பார்த்துவிட்டார்.

மூன்று பேரும் காரில் போனார்கள். சிவக்கொழுந்தின் கொட்டிலில் ஆழ்வாப்பிள்ளையின் செவலை மாடு நின்றது. காது தெரியாமல் கயிற்றை உயர்த்திக் கட்டியிருந்தார்கள், ஆழ்வாப்பிள்ளையின் கைவேலை. கன்று பக்கத்தில் நின்றது. மாட்டுக்கு இந்த உத்தியோகம் இதற்குள் நல்லாய்ப் பழகியிருந்தது, வந்தவர்களை ஒரு பார்வை பார்த்துவிட்டு அசை போட்டது. சிவக்கொழுந்து அதிகாரியைக் கண்டதும் பரமலிங்கத்தைப் பார்த்தாள். பரமலிங்கம் நிலத்தைப் பார்த்தார்.

"எங்கை, கறவும் பாப்பம்" என்றார் நமசிவாயம்.

அவள் குந்தினாள். கன்றை விட்டுப் பிடித்தாள், மடியில் தண்ணீர் தெளித்தாள், எல்லாம் முறைப்படி செய்தாள். மாடு காலைத் தூக்கி வைத்தது. இரண்டாம் முறை இழுத்ததும் உதைத்தது. செம்பு உருண்டு போய் நமசிவாயத்தின் சப்பாத்தில் முட்டி நின்றது.

நமசிவாயம் வயிறு குலுங்கச் சிரித்தார். காரோட்டியும் சிரித்தான்.

"என்ன பரமலிங்கம்? நாலு பக்கம் எழுதினீர். மாடு பொய் சொல்லாது எண்டு எழுதினீர். உமக்கே உம்முடைய ஊரிலை கூத்துக் காட்டுகினமோ? இல்லாட்டில் உமக்கும் இதிலை ஒரு பங்கோ?"

அருட்பிரகாசம் மெல்ல இருமினார். "புது மாடு ஐயா..." என்று தொடங்கிவிட்டுப் பரமலிங்கத்தின் முகத்தைப் பார்த்தார். மிச்சத்தைப் பரமலிங்கம் சொன்னால் எடுபடும், தான் சொன்னால் எடுபடாது என்று அவருக்குத் தெரியும்.

சொல்ல வேண்டியது அவ்வளவுதான். புது மாடு, பழகப் பதினைந்து நாள் செல்லும். பச்சைப் பொய்யும் அல்ல. எந்த மாடும் வீடு மாறினால் அப்படித்தான் என்பது பரமலிங்கத்துக்குச் செம்பு தூக்கின முதல் நாளே தெரியும். அதனால்தான் மூன்று கிழமை கழித்து மட்டும் கறக்கச் சொல்லுவார். நாக்கில் அந்தச் சொல் வந்தும் நின்றது. ஆனால் காரோட்டி இன்னும் சிரித்துக்கொண்டு நின்றான். உமக்கும் ஒரு பங்கோ என்ற கேள்வி காதுக்குள் நின்றது. ஒரு சதம் தொடாதவனைப் பார்த்துக் கேட்ட கேள்வி. ஊரில் ஒருவனையும் நம்பாமல், ஒருவனாலும் நம்பப்படாமல் கட்டி எழுப்பின பெயர், ஒரு செம்போடு உருண்டு போவதா?

"இது ஆழ்வாப்பிள்ளையின்ரை மாடு" என்றார் பரமலிங்கம். "கயித்தை இறக்கிக் காதைப் பாருங்கோ."

நமசிவாயம் சிரிப்பை நிறுத்தினார். முதுகில் தட்டிக் கொடுத்தார்.

சிவக்கொழுந்து குந்தின இடத்திலேயே இருந்தாள். நீங்கள்தானே ஆரின்ரை எண்டாலும் ஒரு மாடு நிக்கட்டும் எண்டு சொன்னியள் என்று அவள் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பரமலிங்கத்தின் கதை அந்த இடத்திலேயே முடிந்திருக்கும். சொல்லவில்லை. எழும்பிப் போய் நமசிவாயத்தின் காலடியில் கிடந்த செம்பை எடுத்துச் சேலைத் தலைப்பால் துடைத்தாள்.

இரண்டாம் பாதி நிறுத்தப்பட்டது. முதற் பாதியை மாதம் இருநூறாகத் திருப்பிக் கட்டச் சொல்லிக் கடிதம் போனது. பத்தாந் திகதிக்கு இன்னும் ஐந்து நாள் இருந்தது. பரமலிங்கத்தின் தபாற்கந்தோர்ச் சேமிப்புப் புத்தகத்தில் ஆறாயிரத்துச் சொச்சம் கிடந்தது. அந்தப் புத்தகத்தை அவர் இரண்டு நாள் சட்டைப்பைக்குள் கொண்டு திரிந்தார். தபாற்கந்தோர் வாசலில் ஒருக்கால் சைக்கிளையும் நிறுத்தினார். கைக்காசைக் கடன் கொடுத்து அவருக்குப் பழக்கமில்லை. பிணை யார், ஈடு என்ன என்று மனம் கேட்டது. தன்னைத்தானே கேட்டு, தானே 'கொடுக்க இயலாது' என்று எழுதிக்கொண்ட மாதிரித் திரும்பிவிட்டார். பத்தாந் திகதி ஏஜென்சிக்காரன் காசு கட்டின ஆறு பெடியன்களையும் கொழும்புக்குக் கொண்டுபோனான். சிவக்கொழுந்தின் மகன் நின்றுவிட்டான். அடுத்த பயணத்துக்குப் பார்ப்பம் என்றான் ஏஜென்சிக்காரன். கொடுத்த காசைத் திருப்பிக் கொடுக்கிற கதை அவன் வாயில் வரவில்லை.

அடுத்த பயணம் வரவில்லை. வைகாசிக் கடைசியில், ஊர் கிடக்கிற வடமராட்சிக்குள் ஆமி இறங்கியது. கோயில்களுக்குள் போய் இருக்கச் சொல்லி மேலே ஹெலியில் இருந்து நோட்டீஸ் போட்டார்கள். போய் இருந்தார்கள். இருந்த இடத்துக்கே வந்து பெடியன்களை வேறாக எழுப்பி, கையைக் கட்டி, லொறியில் ஏற்றி, பிறகு கப்பலில் ஏற்றித் தெற்குக்குக் கொண்டுபோனார்கள். அந்தக் குறிச்சியில் பதினொரு பேர். சிவக்கொழுந்தின் மகனும் ஒருவன்.

இரண்டு கிழமை கழித்து அவள் பரமலிங்கத்தின் வீட்டுக்கு வந்தாள். படலையில் அவளைக் கண்டதும் பரமலிங்கம் கதிரையை விட்டு எழும்பினார். மண்ணள்ளித் திட்டப்போகிறாள் என்று நினைத்தார். அதை வாங்கிக்கொள்ள அவர் ஆயத்தமாகத்தான் இருந்தார், கேட்டால் ஆறுதலாகக்கூட இருந்திருக்கும். அவள் திட்டவில்லை.

"ஒரு கடிதம் வேணும் அண்ணை. பெடியன் நல்லவன் எண்டு. ஊர்ப் பெரிய ஆக்கள் எழுதிக் குடுத்தால் ஆமி முகாமிலை கொண்டுபோய்க் குடுக்கினமாம்."

"விதானையார் எழுதித் தருவார்தானே."

"அவர் எல்லாருக்கும் எழுதினவர். கோயில் ஐயரும் எழுதினவர். கேக்கிற ஆக்களுக்கெல்லாம் எழுதுறதை ஆர் நம்புறது? நீங்கள் லேசிலை ஒருத்தரையும் நல்லவன் எண்டு எழுதாத ஆள். நீங்கள் எழுதினால் ஒரு மதிப்பு இருக்கும் எண்டு சொல்லிச்சினம்."

பரமலிங்கம் தாளும் பேனையும் எடுத்துக்கொண்டு இருந்தார். 'திருமதி சிவக்கொழுந்தின் மகன்' என்று எழுதிவிட்டு நிமிர்ந்தார்.

"பெடியனுக்கு என்ன பேர்?"

"கேதீஸ்வரன்."

"வயசு?"

"வாற ஆவணிக்குப் பத்தொன்பது."

அந்தப் பெடியனின் முகம் எப்படி என்று யோசித்தார். ஒன்றும் வரவில்லை. அவள் வீட்டு வேலியில் எத்தனை கதியால் என்று கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்.

"அவனுக்கு இயக்கத்தோடை ஏதும்..."

"சோத்துப் பார்சல் கேட்டால் குடுத்தவன். எல்லா வீட்டிலும் குடுத்ததுதானே. ரெண்டு தரம் சைக்கிளிலை ஆரையோ ஏத்திக்கொண்டு போய் விட்டவன். வேறை எனக்குத் தெரிய ஒண்டுமில்லை. தெரியாமல் இருக்குதோ தெரியாது."

மகனுக்காகக்கூட அவள் ஒன்றைக் குறைத்துச் சொல்லவில்லை. பரமலிங்கம் பேனையை ஊன்றி எழுதினார். கேதீஸ்வரனைச் சிறுவயது முதல் தனக்கு நேரில் தெரியும். தினமும் காண்கிற பிள்ளை. தாயோடு தோட்டத்தைத் தவிர வேறு போக்குவரத்து இல்லை. எந்த இயக்கத்தோடும் எந்த நாளும் எந்தத் தொடர்பும் இருந்ததில்லை, இதற்குத் தான் பொறுப்பு. ஒரு எழுத்தும் வெட்டித் திருத்தவில்லை. ஐம்பத்தாறு வயதில் முதல்முதலாகக் கையெழுத்து வைத்து எழுதின பொய், தண்ணீர் மாதிரி ஓடியது. இவ்வளவு லேசான வேலை என்று அவருக்கு ஒருவரும் சொல்லியிருக்கவில்லை.

வாசித்துக் காட்டினார். அவள் கேட்டுக்கொண்டு நின்றாள்.

"நீங்கள் அவனைக் கண்டதில்லையே அண்ணை."

"அது இருக்கட்டும்."

"பொறுப்பு எண்டும் எழுதியிருக்கிறியள்."

"இருக்கட்டும் பிள்ளை."

அவள் தாளை வாங்கி நாலாக மடித்தாள். "அண்டைக்குப் புது மாடு எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாம்" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. வெங்காயம் விலை இறங்கிப்போச்சு என்கிற மாதிரிச் சொன்னாள். மடித்த தாளைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு போனாள்.

அருட்பிரகாசம் கடிதத்தை இங்கிலீசில் தட்டெழுதிக் கொடுத்தார். அது எந்த மேசைக்குப் போனது, அங்கே யார் வாசித்தார்கள், வாசித்தார்களா என்று ஒருவருக்கும் தெரியாது. ஆடிக் கடைசியில் இந்தியாவோடு ஒப்பந்தம் வந்தது. பிடித்தவர்களைக் கூட்டம் கூட்டமாக விட்டார்கள். அந்தக் குறிச்சியின் பதினொரு பேரில் ஒன்பது பேர் வந்தார்கள். சிவக்கொழுந்து ஒவ்வொரு தரமும் பேருந்தடிக்குப் போய் நின்றாள். கேதீஸ்வரன் கப்பலில் ஏறினதைக் கண்டதாக ஒரு பெடியன் சொன்னான். இறங்கினதைக் கண்டவர் இல்லை. பட்டியலில் அந்தப் பெயரே இல்லை என்று முகாமிலிருந்து வந்த தாளில் இருந்தது.

கடன் மட்டும் அப்படியே நின்றது. நாலாயிரம். அருட்பிரகாசம் தள்ளுபடிக்கு எழுதுகிறேன் என்றார். சிவக்கொழுந்து வேண்டாம் என்றுவிட்டாள். சண்டையால் வங்கி பூட்டிக் கிடந்த மாதங்கள் போக, திறந்த மாதமெல்லாம் ஐந்தாந் திகதி இருநூறு ரூபா கொண்டுவந்தாள். ஐந்தாந் திகதிகளில் பரமலிங்கம் காலையிலேயே சைக்கிளை எடுத்துக்கொண்டு நெல்லியடிச் சந்தைக்குப் போய்விடுவார். ஒன்றும் வாங்கமாட்டார். மத்தியானம் வரை அங்கே நின்றுவிட்டுத் திரும்புவார்.

எண்பத்தெட்டு மார்கழியில் ஒரு ஐந்தாந் திகதி அவள் சந்தைக்கே வந்துவிட்டாள். சனத்துக்குள்ளால் நேரே அவரிடம் வந்து பற்றுத்துண்டை நீட்டினாள்.

"காசு கட்டிப்போட்டன் அண்ணை. இந்த மாதம் தொடக்கம் இதிலை பரிசோதகரின்ரை கையெழுத்தும் வேணுமாம்."

பரமலிங்கம் துண்டைச் சைக்கிள் சீற்றின் மேல் வைத்துக் கையெழுத்துப் போட்டார். அவள் அதை வாங்கி, சரியாக இருக்கிறதா என்று ஒருமுறை பார்த்துவிட்டு, வெங்காயக் கடகம் வைத்திருந்த பக்கம் நடந்தாள்.